‘ஆர்கானிக்’ என்று எழுதிவிட்டால் போதுமா?

நீளமான பதிவு இது. முன்பு 45 நிமிடம் அசையாமல் உட்கார்ந்து கேட்டவர்கள்தானே நீங்கள், இன்று ஒரு பத்து நிமிடம் உட்காருங்கள். கடைசி பெஞ்சுக்காரர்களும்தான்.

நம் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போன வாரம் நடந்ததை உறவுகள் அறிவார்கள். மாணவர்களுக்காகச் சொல்கிறேன். என் அக்காவின் பேத்திக்கு நாலு மாதமாக வயிற்று வலி. பிளஸ் ஒன் படிக்கிறாள். காலையில் பள்ளிக்குக் கிளம்பும் நேரத்தில் சுருண்டு படுத்துவிடுகிறாள். ஸ்கேன், எண்டோஸ்கோப்பி, ரத்தப் பரிசோதனை எல்லாம் பார்த்தாயிற்று. கடைசியில் டாக்டர் சீட்டில் ஆங்கிலத்தில் ஒரு வரி எழுதினார்: ஆர்கானிக் காரணம் எதுவும் இல்லை, வலி ஃபங்ஷனல் வகை. அதைப் படம் எடுத்துக் குழுவில் போட்டார்கள்.

அவ்வளவுதான், பத்து நிமிடத்தில் மூன்று தீர்ப்பு வந்துவிட்டது. ஒரு மருமகன் எழுதினார்: “ஒண்ணும் இல்லைன்னு டாக்டரே சொல்லிட்டாரே. ஸ்கூலுக்குப் போகாம இருக்க நடிக்கிறா.” ஒரு மைத்துனி: “நான் அப்பவே சொன்னேன், ஆர்கானிக்கா சாப்பிடணும்னு. கண்ட காய்கறியும் வாங்கிக் கொடுத்தா இப்படித்தான்.” மூன்றாவதாக, என்னிடம் படித்த ஒரு பையனின் விளம்பரத்தை யாரோ கொண்டுவந்து ஒட்டினார்கள். வயிற்றுக்கு மூலிகைப் பொடி. “100% ஆர்கானிக். கெமிக்கல் கிடையாது. பக்கவிளைவு கிடையாது.” கால் கிலோ 640 ரூபாய்.

சொல் ஒன்றுதான். ஆளுக்கு ஒரு அர்த்தம், மூன்றும் தப்பு. அந்தப் பொடியை விற்கிறவன் கரிம வேதியியலில் நல்ல மார்க் வாங்கியவன். எனக்கு ராத்திரி தூக்கம் போனது அதனால்தான்.

இனி பாடம். ‘ஆர்கனான்’ என்றால் கிரேக்க மொழியில் கருவி. அரிஸ்டாட்டிலின் தர்க்க நூல்களுக்கு அந்தப் பெயர் வைத்தார்கள், சிந்திப்பதற்கான கருவி என்று. மாதா கோயிலில் வாசிக்கிற ஆர்கனும் அதே சொல்தான். உடம்பின் ஒவ்வொரு உறுப்பும் ஒரு வேலைக்கான கருவி என்பதால் உறுப்புக்கும் அந்தப் பெயர் வந்தது. நம்மிடமும் இதே எண்ணம் உண்டு. ‘கரணம்’ என்றால் கருவி, புலனுக்கும் அதே பெயர். மனம், புத்தி எல்லாம் அந்தக்கரணம். ஆக, ‘ஆர்கானிக்’ என்ற பெயரடை பிறக்கும்போது ‘உறுப்பு சார்ந்த, உறுப்புகள் உடைய உயிரைச் சார்ந்த’ என்ற பொருளோடுதான் பிறந்தது. நல்லது, கெட்டது என்ற பேச்சே அதில் இல்லை.

அதை வேதியியலுக்குள் நிலைநிறுத்தியவர்களில் முக்கியமானவர் சுவீடன்காரர் பெர்சீலியஸ், 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில். உயிருள்ளவற்றிலிருந்து கிடைக்கும் பொருள்கள் ஒரு ஜாதி, மண்ணிலும் பாறையிலும் கிடைப்பவை வேறு ஜாதி என்று அன்று பிரித்தார்கள். முதல் ஜாதியைச் சோதனைச்சாலையில் செய்ய முடியாது, அதற்கு ஓர் உயிர்ச்சக்தி வேண்டும் என்பது நம்பிக்கை. 1828இல் அவருடைய மாணவர் வோலர் அமோனியம் சயனேட்டைச் சூடாக்கினார். கிடைத்தது யூரியா. நம் சிறுநீரில் இருக்கிற அதே யூரியா. சிறுநீரகம் இல்லாமலே யூரியா செய்துவிட்டேன் என்று குருவுக்குக் கடிதம் எழுதினார். உயிர்ச்சக்திக் கொள்கை அன்றே விழுந்துவிடவில்லை, ஆனால் விரிசல் அங்கேதான். பிற்பாடு சொல்லை மட்டும் வைத்துக்கொண்டு அர்த்தத்தை மாற்றிவிட்டார்கள். இன்று ஆர்கானிக் வேதியியல் என்றால் கார்பன் சேர்மங்களின் வேதியியல். அதிலும் விலக்கு உண்டு: கார்பன் டை ஆக்சைடு, கார்பனேட்டுகள், சயனைடு உப்புகள் இவற்றில் கார்பன் இருந்தும் அந்தப் பக்கம் சேர்ப்பதில்லை.

இந்தக் கணக்கில் உங்கள் அடுக்களையைப் பாருங்கள். வெள்ளைச் சீனி ஆர்கானிக். சமையல் எரிவாயு ஆர்கானிக். நீங்கள் கடைக்காரரிடம் வேண்டாம் என்று சொல்லிவிட்டு வருகிற பாலிதீன் பை சுத்தமான ஆர்கானிக். மண்ணெண்ணெய், பெட்ரோல், எல்லாமே. உப்பு மட்டும் எந்தக் காலத்திலும் ஆர்கானிக் ஆகாது, அதில் கார்பனே இல்லை. ‘ஆர்கானிக் உப்பு’ என்று பாக்கெட்டில் பார்க்கிறபோதெல்லாம் கையில் சாக்பீஸ் இல்லையே என்று தோன்றும்.

சிரிப்பு இங்கே முடிகிறது. மெத்தனால் ஓர் ஆர்கானிக் சேர்மம். 2024 ஜூனில் கள்ளக்குறிச்சியில் 60 பேருக்கு மேல் உயிரைக் கொண்டுபோனது அதுதான். எண்டோசல்ஃபான் ஓர் ஆர்கானிக் சேர்மம். காசர்கோட்டு முந்திரித் தோட்டங்களைச் சுற்றியிருந்த ஊர்களை நினைத்துக்கொள்ளுங்கள். 2011இல் உச்ச நீதிமன்றம் அதைத் தடை செய்தது. 2013 ஜூலையில் பீகாரில் ஒரு பள்ளியில் மதிய உணவு சாப்பிட்டு 23 பிள்ளைகள் இறந்தார்கள். சமையல் எண்ணெயில் கலந்திருந்தது மோனோகுரோட்டோஃபாஸ் பூச்சிமருந்து. அது எந்தக் குடும்பம் தெரியுமா? ஆர்கனோ பாஸ்பேட். பெயரிலேயே ‘ஆர்கனோ’ இருக்கிறது. வாத்தியாராக இருந்தவன் அந்தச் செய்தியை மறக்க முடியாது.

“சார், விவசாயத்தில் அந்த அர்த்தம் இல்லையே” என்று யாராவது கேட்பீர்கள். கேட்க வேண்டும். சரியான கேள்வி.

விவசாயத்துக்கு இந்தப் பெயரடையைக் கொடுத்தது இங்கிலாந்தின் நார்த்போர்ன் பிரபு, 1940இல் வந்த தன் புத்தகத்தில். பண்ணையை ஓர் உயிர் மாதிரி பார்க்க வேண்டும், ஒவ்வொரு பகுதியும் உறுப்பு மாதிரி மற்றதோடு சேர்ந்து இயங்க வேண்டும் என்பது அவர் கருத்து. அதே ஆண்டு ஆல்பர்ட் ஹோவர்டும் தன் நூலை வெளியிட்டார். இந்தூரில் நம் விவசாயிகளைப் பார்த்துப் படித்து, மக்கு உரம் செய்யும் முறையை வகுத்தவர் அவர். இவர்கள் பேசியது பண்ணையை நடத்தும் முறையை. விளைந்த தக்காளிக்குள் என்ன மூலக்கூறு இருக்கிறது என்பதை அல்ல.

இதை யூரியாவை வைத்தே விளக்குகிறேன். மூட்டை யூரியா வேதியியலில் ஆர்கானிக். ஆர்கானிக் விவசாயத்தில் அதற்குத் தடை. பசுவின் கோமியத்திலும் யூரியா இருக்கிறது, அதற்கு அனுமதி. இரண்டு யூரியாவுக்கும் மூலக்கூறில் எள்ளளவு வித்தியாசம் கிடையாது. மண்ணில் நுண்ணுயிர்கள் இரண்டையும் ஒரே மாதிரிதான் உடைக்கும். மறுபக்கம், மயில்துத்தமும் சுண்ணாம்பும் கலந்த போர்டோ கலவை கனிம வேதியியல் சரக்கு, கார்பன் சேர்மக் கணக்கில் வராது. அது கட்டுப்பாட்டோடு ஆர்கானிக் விவசாயத்தில் அனுமதிக்கப்படுகிறது. முரண்பாடு மாதிரித் தெரிகிறதா? முரண்பாடு இல்லை. மூட்டை யூரியாவை ஒதுக்குவதற்குக் காரணங்கள் உண்டு: அதைச் செய்ய எரிக்கப்படும் எரிவாயு, அளவு மீறிக் கொட்டினால் கிணற்று நீரில் சேரும் நைட்ரேட், மண்ணுக்கு மக்கு போடுவதையே விவசாயி மறந்துவிடுவது. இவையெல்லாம் முறை பற்றிய காரணங்கள். ‘யூரியா கெமிக்கல், கோமியம் கெமிக்கல் இல்லை’ என்பது காரணமே அல்ல. தண்ணீர் கெமிக்கல். மூச்சுக்காற்று கெமிக்கல். இதை எழுதுகிற நான் 68 கிலோ கெமிக்கல்.

என் அப்பா நாலு மா நிலத்தில் சாணமும் கொழுஞ்சித் தழையும் போட்டுப் பயிர் செய்தவர். நம்மாழ்வார் ஐயா ஊர் ஊராகச் சுற்றி இயற்கை வேளாண்மை பேசியதை மதிக்கிறவன் நான். அந்த உழைப்புக்குத்தான் இந்தப் பொய் விளம்பரங்கள் துரோகம் செய்கின்றன. சான்றிதழ் வாங்குகிற விவசாயி என்ன பாடு படுகிறார் தெரியுமா? மத்திய அரசின் என்பிஓபி முறைப்படி பருவப் பயிர்களுக்குக் குறைந்தது 2 ஆண்டு, பல்லாண்டுப் பயிர்களுக்கு 3 ஆண்டு நிலத்தை மாற்றுக் காலத்தில் வைத்திருக்க வேண்டும். இட்டது, தெளித்தது எல்லாவற்றுக்கும் ஏடு. பக்கத்து வயலிலிருந்து மருந்து வராமல் இடைவெளி. ஆய்வாளர் வருவார். நம் மாநிலத்தில் இதற்கென்று ஒரு துறையே கோவையில் இருக்கிறது. 2017இல் உணவுப் பாதுகாப்பு ஆணையம் விதி போட்டது: ஆர்கானிக் என்று பாக்கெட்டில் அச்சிட்டு விற்றால் என்பிஓபி அல்லது பிஜிஎஸ் சான்று வேண்டும், ‘ஜைவிக் பாரத்’ முத்திரை வேண்டும். சிறு விவசாயி தன் விளைச்சலைத் தானே நேரடியாக விற்றால் மட்டும் சலுகை. பொடி விற்கிற தம்பி, உன் பாக்கெட்டை நான் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். பச்சை இலைப் படம் இருக்கிறது. முத்திரையும் இல்லை, எண்ணும் இல்லை.

முத்திரை இருந்தாலும் அது சொல்வது விளைவித்த முறையை மட்டும்தான். வயிற்று வலி போகும் என்று அது சொல்லாது. பக்கவிளைவு இல்லை என்றும் சொல்லாது. அரளி விதையை எந்த உரமும் மருந்தும் போடாமல் வளர்க்கலாம். சான்றிதழ்கூட வாங்கிவிடலாம். அரைத்துக் குடிக்க முடியுமா?

ஒரு நாடே இந்தச் சொல்லில் அடிபட்டதையும் சொல்லிவிடுகிறேன். இலங்கையில் 2021 மே மாதம் ரசாயன உரத்தை இறக்குமதி செய்ய ஒரேயடியாகத் தடை போட்டார்கள். அந்நியச் செலாவணி நெருக்கடி பின்னால் இருந்தது. மேடையில் சொல்லப்பட்டது ஆரோக்கியம், ஆர்கானிக் நாடு. மாற்றுக் காலம் என்று ஒன்று இருக்கிறதே, அதை யாரும் விவசாயிகளுக்குக் கொடுக்கவில்லை. ஒரு போகத்தில் மாறு என்றார்கள். நெல் விளைச்சல் சரிந்தது, தேயிலை சரிந்தது, அரிசியை இறக்குமதி செய்ய வேண்டியதாயிற்று. சீனாவிலிருந்து கப்பலில் வந்த ஆர்கானிக் உரத்தின் மாதிரியில் கேடு செய்யும் பாக்டீரியா இருப்பதாக இலங்கை அதிகாரிகள் சொல்லிக் கப்பலையே விடவில்லை. அதற்கும் கடைசியில் பணம் கட்ட வேண்டி வந்தது. நவம்பரில் தடையை விலக்கினார்கள். அதற்குள் ஒரு பருவம் போயே போய்விட்டது. யாழ்ப்பாணத்து விவசாயியும் அம்பாறை விவசாயியும் ஒரே மாதிரி அழுதார்கள். அங்கே தமிழில் கரிம வேதியியலுக்கும் ‘சேதன இரசாயனம்’, மக்கு உரத்துக்கும் ‘சேதனப் பசளை’, இரண்டுக்கும் ஒரே அடைமொழி. நம் பக்கம் பரவாயில்லை. பாடப் புத்தகத்தில் ‘கரிம’. விவசாயத்தில் ‘இயற்கை’, ‘அங்கக’, ‘உயிர்ம’. தனித்தனிச் சொல்லாகத்தான் வைத்திருந்தோம். விளம்பரக்காரன் வந்து எல்லாவற்றையும் வழித்து ‘ஆர்கானிக்’ என்ற ஒரே டப்பாவில் போட்டுவிட்டான்.

(சென்னையில் டிஜிட்டல் மார்க்கெட்டிங் பார்க்கும் ஒரு மாணவி சொன்னாள், காசு கட்டி விளம்பரம் செய்யாமல் தானாகப் பத்துப் பேருக்குப் போய்ச் சேரும் பதிவுக்கு ‘ஆர்கானிக் ரீச்’ என்று பெயராம். அப்படியென்றால் இந்தப் பதிவும் ஆர்கானிக்தான். 640 ரூபாய் அனுப்பி வையுங்கள்.)

இப்போது டாக்டர் சீட்டுக்கு வருகிறேன். மருத்துவத்தில் ‘ஆர்கானிக்’ பழைய கிரேக்க அர்த்தத்துக்குப் பக்கத்தில் நிற்கிறது: உறுப்பில் கண்ணால் பார்க்கக்கூடிய, பரிசோதனையில் காட்டக்கூடிய மாற்றம். புண், கட்டி, அடைப்பு, வீக்கம். அதற்கு எதிர்ச்சொல் ‘ஃபங்ஷனல்’. உறுப்பின் அமைப்பு சரியாக இருக்கிறது, இயங்குவதில் கோளாறு. ரேடியோ உதாரணம் சொல்வேனே, அது மாதிரி. திறந்து பார்த்தால் எல்லா ஒயரும் ஒட்டிக்கொண்டுதான் இருக்கும், பாட்டு மட்டும் கரகரக்கும். கரகரப்பு பொய்யா?

குடலுக்கும் மூளைக்கும் நடுவே நரம்புகளின் போக்குவரத்து எந்நேரமும் நடக்கிறது. அந்தப் போக்குவரத்தில் கோளாறு வந்தால், சாதாரண அசைவே வலியாகத் தெரியும். வயிற்று மருத்துவர்கள் 2016இல் தங்கள் ரோம் வரையறைகளைத் திருத்தியபோது இந்த வகை நோய்களுக்குக் ‘குடல்-மூளைத் தொடர்புக் கோளாறுகள்’ என்றே பெயர் வைத்துவிட்டார்கள். ‘ஃபங்ஷனல்’ என்று எழுதினால் ஜனங்கள் ‘சும்மா’ என்று படிக்கிறார்கள் என்பது அவர்களுக்கும் தெரிந்திருக்கிறது. அந்தக் குழந்தையின் வலி நிஜம். புண்ணும் கட்டியும் இல்லை என்பது நல்ல செய்தி. வலி இல்லை என்பது அந்தச் சீட்டில் எங்கேயும் இல்லை.

இதில் எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று கேட்பீர்கள். மூத்த உறவுகளுக்குத் தெரியும், சின்னவர்களுக்குத் தெரியாது. என் தம்பி. 1983இல் அவனுக்கு 22 வயது. தனியாகப் பேசுவான், ராத்திரியில் யாரோ கூப்பிடுகிறார்கள் என்று எழுந்து ஓடுவான். பெரிய ஊருக்குக் கூட்டிப்போய்க் காட்டினோம். தலைக்கு எல்லாப் பரிசோதனையும் செய்துவிட்டு டாக்டர் ஆங்கிலத்தில் சொன்னார்: ஆர்கானிக்காக ஒன்றும் இல்லை, இது ஃபங்ஷனல், மாத்திரை தருகிறேன், நிறுத்தாமல் கொடுங்கள். அப்பா என் முகத்தைப் பார்த்தார். வீட்டில் எம்.எஸ்ஸி. படித்தவன் நான்தானே. “ஒண்ணும் இல்லையாம்ப்பா” என்று மொழிபெயர்த்தேன். அந்த ‘ஒண்ணும் இல்லை’யை வைத்துக்கொண்டு வீட்டில் மாத்திரையை நிறுத்தினார்கள், கோயில் கோயிலாகக் கட்டிப்போட்டார்கள், திமிர் என்று அடித்தார்கள். இரண்டு வருஷம். பிறகு வேறொரு டாக்டர் தமிழில் உட்கார வைத்துப் பேசினார், மாத்திரை தொடங்கியது, அவன் ஓரளவு மீண்டான். அந்த இரண்டு வருஷம் மீளவில்லை.

இந்தக் குழப்பம் படிக்காதவர்களுக்கு மட்டும் உரியதல்ல. அமெரிக்க மனநல மருத்துவர்கள் 1994இல் தங்கள் கையேட்டின் நாலாம் பதிப்பைக் கொண்டுவந்தபோது ‘ஆர்கானிக் மனநோய்கள்’ என்ற தலைப்பையே எடுத்துவிட்டார்கள். ஒரு சிலவற்றுக்கு மட்டும் அந்தப் பெயர் கொடுத்தால், மற்ற மனநோய்களுக்கு மூளையில் அடிப்படையே இல்லை என்று ஆகிவிடுகிறதே என்பதுதான் காரணம். அவர்களுக்கே 1994 வரை ஆனது. எனக்கு 1983இல் தெரியவில்லை என்று சமாதானம் சொல்லிக்கொள்ளலாம். சொல்லிக்கொள்வதில்லை.

என் தப்பு இன்னொன்றும் உண்டு. 34 வருஷம் பிளஸ் டூவுக்கு எடுத்தேன். “கரிமச் சேர்மம் என்றால் என்ன? ஒரு மதிப்பெண்.” நீங்கள் எழுதினீர்கள், நான் டிக் போட்டேன். இந்தச் சொல் வகுப்புக்கு வெளியே ஆஸ்பத்திரியில் வேறு ஆளாக நிற்கும், கடைத்தெருவில் வேஷம் போட்டு வரும் என்று ஒரு நாளும் சொல்லித்தரவில்லை. பெயரடை பக்கத்தில் நிற்கிற பெயரைப் பார்த்துத்தான் அர்த்தம் கொள்ளும் என்பது தமிழ் ஐயா பாடம் என்று விட்டுவிட்டேன். ஆர்கானிக் எதுவுக்கு முன்னால் வந்திருக்கிறது? சேர்மத்துக்கா, பண்ணைக்கா, நோய்க்கா? இந்த ஒரு கேள்வியைப் பழக்கியிருந்தால் போன வாரம் மூன்று தீர்ப்பும் வந்திருக்காது.

பொடி விற்கிற தம்பிக்கு: நேற்று போன் செய்தேன், நீ எடுக்கவில்லை. கோபித்துக்கொள்ள வேண்டாம். உன் பொடியில் சீரகம், ஓமம், கடுக்காய் இருக்கிறது என்றால் அதையே எழுது, அளவு போட்டு எழுது. எந்த விவசாயியிடம் வாங்கினாய் என்று எழுது. ‘கெமிக்கல் கிடையாது’ என்ற வரியை எடுத்துவிடு. ஓமத்தின் வாசனையே தைமால் என்ற ஆர்கானிக் கெமிக்கல்தான், நான்தான் உனக்கு நடத்தினேன்.

மைத்துனிக்கு: நல்ல காய்கறி வாங்கிக் கொடுங்கள், தாராளமாக. டாக்டர் சீட்டுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

ஞாயிற்றுக்கிழமை நான் அக்கா வீட்டுக்குப் போகிறேன். டாக்டர் இரண்டாவது முறை வரச் சொன்ன தேதி புதன்கிழமை, நானும் கூடப் போவதாகச் சொல்லியிருக்கிறேன். ‘ஃபங்ஷனல்’ என்றால் அடுத்து என்ன செய்ய வேண்டும் என்று கேட்டு, தமிழில் எழுதி வாங்கிக்கொண்டு வருவேன்.

மருமகனுக்கு ஒன்றே ஒன்று. ‘நடிக்கிறா’ என்று எழுதியதை இன்று ராத்திரிக்குள் அழித்துவிடுங்கள் மாப்பிள்ளை. அந்தக் குழுவில் அவளும் இருக்கிறாள்.